48 மணி நேரத் தயவு

போன வாரம் என் வங்கிக் கணக்கில் 1,999 ரூபாய் திரும்ப வந்தது. கூடவே ஆங்கிலத்தில் ஒரு மின்னஞ்சல். அதன் சாரம் இதுதான்: உங்கள் கோரிக்கை எங்கள் கொள்கைக்குள் வராது, ஆனாலும் நல்லெண்ண அடிப்படையில் இந்த ஒருமுறை மட்டும் விதிவிலக்காகப் பணத்தைத் தருகிறோம்.

பணம் வந்ததில் சந்தோஷம்தான், பொய் சொல்லக் கூடாது. ஆனா அந்த ரெண்டு வரியை வாசித்ததிலிருந்து மனசுக்குள் ஒரு நெருடல். சொன்னபடி வேலை செய்யாத ஒரு பொருளுக்குக் கொடுத்த காசைத் திருப்பிக் கேட்டேன். அது எப்படி விதிவிலக்கு ஆகும்? இதில் யார் யாருக்கு நல்லெண்ணம் காட்டுகிறார்கள்?

இந்தத் தளத்தில் வழக்கமாகப் பழைய பத்திரம், கல்வெட்டு, ஊர்ப்பெயர் என்றுதான் எழுதுவேன். இந்த முறை விமர்சனத்துக்கு எடுத்துக்கொள்வது ஆப் கடைகளின் ரீஃபண்ட் பக்கத்தை. அதுவும் ஒரு பிரதிதான். கோடிக்கணக்கான பேர் அவசரத்தில் வாசிக்கிற, யாரும் நின்று வாசிக்காத பிரதி.

நடந்தது இவ்வளவுதான்

தாத்தா காலத்துப் பாகப்பத்திரம் ஒன்று வீட்டில் இருக்கிறது. கொல்லம் 1112, அதாவது 1936-37. நம்ம ஊர் அன்றைக்குத் திருவிதாங்கூரில் இருந்ததால் இந்தக் காலத்துப் பத்திரங்களில் மலையாளமும் தமிழும் கலந்து கிடக்கும். கையெழுத்தும் சங்கிலி மாதிரி கோத்துக் கோத்துப் போகும். ஒரு பக்கம் வாசிக்க எனக்கு ரெண்டு நாள் ஆகும். அப்போதுதான் கையெழுத்தை வாசித்து எழுத்தாக்கித் தரும் ஒரு ஆப் கண்ணில் பட்டது. "தமிழ், மலையாளம் கையெழுத்து" என்று அதன் விவரத்திலேயே போட்டிருந்தது. வருடச் சந்தா 1,999. ஒரு வெள்ளிக்கிழமை ராத்திரி வாங்கினேன். எந்தக் கடையில் என்று சொல்லப்போவதில்லை. என் வழக்கு ஒரு கடையோடு இல்லை.

மறுநாள் காலையில் தக்கலையில் பெரியம்மை தவறிப்போனார்கள். அங்கேயே மூணு நாள். செவ்வாய்க்கிழமை வீட்டுக்கு வந்து, முதல் பக்கத்தைப் படம் பிடித்து ஆப்பில் போட்டேன். கட்டம் கட்டமாக வந்தது. சரி, பழைய கையெழுத்து, கஷ்டம்தான் என்று நானே ஒரு வெள்ளைத் தாளில் "நாகர்கோவில்" என்று நிறுத்தி எழுதிப் படம் பிடித்தேன். அதுக்கும் கட்டம்தான். மலையாளத்துக்கும் அதே கதி. ஆங்கிலத்தை மட்டும் நல்லா வாசித்தது.

ரீஃபண்ட் கேட்டேன். காரணப் பட்டியலில் எனக்குப் பொருந்தியதைத் தேர்ந்தெடுத்து, படங்களையும் வைத்திருந்தேன். ஆனால் படத்தை இணைக்க அந்தப் பக்கத்தில் இடமே இல்லை. அனுப்பிய சில நிமிடத்தில் பதில்: கொள்கையின்படி தகுதி இல்லை. ஏன் இல்லை என்று ஒரு சொல் கிடையாது. ஆப் செய்தவருக்கு எழுதினேன், பதில் வரவில்லை.

மருமவன் பக்கத்தில் இருந்து பார்த்துக்கொண்டிருந்தான். கல்லூரியில் கம்ப்யூட்டர் படிக்கிறவன்.

"ரெண்டாயிரம் ரூவாய்க்கு இப்பிடி மெனக்கெடுதியளே மாமா. போனாப் போவட்டும்."

"பேங்க்ல சொல்லிப் பணத்தை நிறுத்தச் சொன்னா என்னடே?"

"அது மட்டும் செஞ்சிராதீங்க. அக்கவுண்டைப் பூட்டிட்டான்னா உங்க மெயிலு, போட்டோ எல்லாம் போச்சு."

அவன் பயம் வெறும் பயம் இல்லை. ஃபோர்ட்நைட் விளையாட்டை நடத்தும் எபிக் கேம்ஸ் மீது அமெரிக்காவின் ஃபெடரல் டிரேட் கமிஷன் 2022 டிசம்பரில் சொன்ன குற்றச்சாட்டுகளில் இதுவும் ஒன்று. தாங்கள் ஒப்புதல் தராத கட்டணத்தைப் பற்றி அட்டை நிறுவனத்திடம் புகார் செய்தவர்களின் கணக்குகளை எபிக் பூட்டிவிட்டது என்றார்கள். அந்த விவகாரத்தில் வாடிக்கையாளர்களுக்குத் திருப்பித் தர எபிக் ஒப்புக்கொண்ட தொகை 24.5 கோடி டாலர்.

கடையும் அவர்களுடையது, சாவியும் அவர்களிடம். காசு கேட்கப் போகிறவன் குரலைத் தாழ்த்தித்தான் பேச வேண்டியிருக்கிறது.

ரீஃபண்ட் பக்கத்தை வாசித்தல்

பெரிய கடைகள் ரெண்டும் வெளியிட்டிருக்கும் கொள்கைகளை உட்கார்ந்து வாசித்தேன். கூகுள் பிளேயில் ஆப் வாங்கியோ ஆப்புக்குள் எதையாவது வாங்கியோ 48 மணி நேரத்துக்குள் என்றால் கடையிடமே விண்ணப்பிக்கலாம். அது தாண்டினால் ஆப் செய்தவரிடம் போகச் சொல்கிறது. ஆப்பிளில் தனியாக ஒரு பக்கம் இருக்கிறது. காரணத்தைத் தேர்ந்தெடுத்து அனுப்பினால் 48 மணி நேரத்துக்குள் முடிவைப் பார்க்கலாம் என்கிறார்கள். ஆனால் ஆப்பிளின் விதிமுறையில் எல்லாப் பரிவர்த்தனைகளும் இறுதியானவை என்பது பொது விதியாகவே இருக்கிறது.

காரணப் பட்டியலைக் கொஞ்சம் கவனித்துப் பாருங்கள். தெரியாமல் வாங்கிவிட்டேன். பிள்ளை வாங்கிவிட்டது. இனி வேண்டாம். எதிர்பார்த்தபடி வேலை செய்யவில்லை. எல்லாம் ஒரே வரிசையில், ஒரே மாதிரி வட்டத்தோடு. ஒன்றைத் தொட்டால் போதும்.

என்னுடைய முதல் விமர்சனம் இங்கேதான். இவை ஒரே ஜாதிக் காரணங்கள் இல்லை. "இனி வேண்டாம்" என்பது என் மனசு மாறியது. அதுக்குக் கடை பணம் தந்தால் அது உண்மையிலேயே பெருந்தன்மைதான், நன்றி சொல்லலாம். "சொன்னபடி வேலை செய்யவில்லை" என்பது பொருளில் இருக்கும் குறை. அதுக்குப் பணம் தருவது கடன் அடைப்பது. தயவையும் கடனையும் ஒரே பட்டியலில் போட்டு, ரெண்டுக்கும் ஒரே விண்ணப்பம், ஒரே பதில் என்று ஆக்கும்போது கடனும் தயவு மாதிரி தெரிய ஆரம்பிக்கிறது. எனக்கு வந்த "விதிவிலக்கு" அந்தப் பட்டியலிலிருந்து பிறந்த சொல்தான்.

ரெண்டாவது, கடிகாரம். கடைக் கடிகாரம் வாங்கிய நொடியில் ஓட ஆரம்பிக்கிறது. குறை தெரியவந்த நொடியில் அல்ல. மனம் மாறியவனுக்கு வாங்கிய நேரத்திலிருந்து எண்ணுவதில் நியாயம் இருக்கிறது. குறையைக் கண்டவனுக்கு அது பொருந்தாது. வடசேரிச் சந்தையில் மரச்சீனி வாங்கும்போது ஒரு துண்டை முறித்துப் பார்த்துவிட்டு வாங்குவோம். வீட்டுக்கு வந்து வேகவைத்த பிறகு கசந்தால்? முறித்துப் பார்த்தாயே என்று கடைக்காரர் கேட்கலாம். ஆப்பில் முறித்துப் பார்க்கிற வழியே இல்லை. காசு போட்ட பிறகுதான் திறக்கிறது.

மூன்றாவது, வாசல் மாற்றம். பணத்தை வாங்கியது கடை. அதில் தன் பங்கை எடுத்துக்கொண்டதும் கடை. அந்தப் பங்கு பல காலம் 30 சதவீதமாக இருந்தது. வருட வருமானம் குறைவாக உள்ள ஆப் செய்பவர்களுக்கு 2021-இலிருந்து 15 சதவீதம். பங்கு எடுக்கும்போது நான் கடை என்கிறார்கள். நாள் கடந்து காசு கேட்கும்போது, சரக்கு செய்தவரைப் போய்ப் பாருங்கள் என்கிறார்கள்.

ஆணி அடிக்காத வேலி

இந்தக் கெடு ஏதோ தொழில்நுட்பத்தால் தானாக வந்தது என்று நினைத்திருந்தேன். வரலாற்றைப் பார்த்தால் அப்படி இல்லை. கூகுளின் பழைய ஆண்ட்ராய்டு மார்க்கெட்டில் ஆப்பைத் திருப்பித் தர 24 மணி நேரம் இருந்தது. 2010 டிசம்பரில் அதை 15 நிமிடமாகக் குறைத்தார்கள். பெரிய விளையாட்டு என்றால் 15 நிமிடத்தில் முழுசாக இறங்கிக்கூட முடியாது. 2014-இல் அதை 2 மணி நேரமாக்கினார்கள். இப்போது 48 மணி நேரம் வரை விண்ணப்பிக்கலாம். ஆணி அடிக்காத வேலி மாதிரி, வேண்டும்போது முன்னே பின்னே நகர்ந்திருக்கிறது. நகர்த்தியவர் எப்போதும் ஒருவரே.

வேலியைப் பிடித்து நிறுத்தப் பார்த்த அரசுகளும் உண்டு. தைவானின் நுகர்வோர் சட்டத்தில் 7 நாள் திருப்பித் தரும் உரிமை இருக்கிறது. 2011-இல் தைபே நகர நிர்வாகம் ஆப் கடைகளும் அதைத் தர வேண்டும் என்றது. ஆப்பிள் தன் விதியை மாற்ற ஒப்புக்கொண்டது. கூகுள் மாற்றவில்லை. 10 லட்சம் தைவான் டாலர் அபராதம் விழுந்தது. கூகுள் அங்கே கட்டண ஆப் விற்பனையையே நிறுத்திவைத்தது. ஒரே ஊர், ஒரே சட்டம், ரெண்டு கடை, ரெண்டு விடை. முடியாது என்பதற்கும் மாட்டேன் என்பதற்கும் உள்ள வித்தியாசம் இதில் தெரிகிறது.

ஆப் செய்பவர்கள் பக்கத்தையும் சொல்லியாக வேண்டும். 24 மணி நேரம் இருந்த காலத்தில் சின்ன விளையாட்டுகளை ஒரே நாளில் ஆடி முடித்துவிட்டுக் காசைத் திரும்ப வாங்கியவர்கள் இருந்தார்கள். நாலு பேர் சேர்ந்து ஒரு வருடம் உழைத்துச் செய்ததை இப்படி ஓசியில் கொண்டுபோனால் வயிறு எரியத்தான் செய்யும். ஐரோப்பிய ஒன்றியம் இணையத்தில் வாங்குவதற்கு 14 நாள் தந்திருக்கிறது. ஆனால் டிஜிட்டல் பொருளை உடனே திறந்து தரச் சொல்லி, அந்த உரிமை போகும் என்று வாங்குபவர் ஒப்புக்கொண்டால் அது போய்விடும் என்றும் வைத்திருக்கிறது. மனம் மாறுகிற விஷயத்தில் விற்பவர் பக்கமும் நியாயம் உண்டு என்பதை அந்தச் சட்டமே ஏற்கிறது.

இதுக்கு வழி இல்லாமல் இல்லை. விளையாட்டு விற்கும் ஸ்டீம் கடை 2015 ஜூனில் ஒரு முறை கொண்டுவந்தது. வாங்கி 14 நாளுக்குள், ஆடியது 2 மணி நேரத்துக்குள் என்றால் கேள்வி இல்லாமல் பணம் திரும்பும். நாளையும் எண்ணுகிறார்கள், பயன்படுத்தியதையும் எண்ணுகிறார்கள். அந்தக் கணக்கில் பார்த்தால் நான் ஆப்பைப் பயன்படுத்தியது முழுசாகக் கால் மணி நேரம் இருக்காது. எந்த ஆப்பை எவ்வளவு நேரம் திறந்து வைத்திருக்கிறேன் என்று ஃபோன் எனக்கு வாராவாரம் கணக்கு காட்டுகிறது. ரீஃபண்ட் கேட்கும்போது மட்டும் அந்தக் கணக்கைப் பார்க்க ஆளில்லை.

ஸ்டீமும் முழு மனசோடு வந்து நின்றதாகச் சொல்லிவிட முடியாது. அதை நடத்தும் வால்வ் நிறுவனத்தின் மீது ஆஸ்திரேலிய நுகர்வோர் ஆணையம் 2014-இலேயே வழக்குப் போட்டிருந்தது. எங்கள் நாட்டுச் சட்டத்தில் குறையுள்ள பொருளுக்குப் பணம் கேட்கும் உரிமை இருக்கிறது, அது இல்லை என்பது போல உங்கள் விதிகள் சொல்கின்றன என்பது புகார். ஆஸ்திரேலியச் சட்டம் எங்களுக்குப் பொருந்தாது என்று வால்வ் வாதாடிப் பார்த்தது. 2016-இல் தீர்ப்பு எதிராக வந்தது. 30 லட்சம் ஆஸ்திரேலிய டாலர் அபராதம். வழக்கின் மையமே நான் மேலே சொன்னதுதான்: சட்டம் தந்த உரிமையைக் கடையின் கொள்கை என்ற சொல்லால் மூட முடியாது.

கோட்டாற்று மிக்ஸி

இந்த இடத்தில் "அந்தக் காலத்துக் கடைக்காரர் முகம் பார்த்து மாற்றித் தருவார், இப்போது எல்லாம் மிஷின்" என்று எழுதி முடித்துவிட எனக்கும் ஆசைதான். ஆனால் ஞாபகம் விட மாட்டேன் என்கிறது.

நான் காலேஜ் படிக்கும்போது அம்மை கோட்டாற்றில் ஒரு மிக்ஸி வாங்கினாள். மூணாம் நாள் புகைந்துவிட்டது. நான்தான் தூக்கிக்கொண்டு போனேன். பில்லின் அடியில் "விற்ற பொருள் திரும்பப் பெறப்படமாட்டாது" என்று அச்சடித்திருந்தது. கடைக்கார அண்ணாச்சி அதைப் பார்க்கவே இல்லை. "நம்ம சாருக்க மவன் இல்லியா, வையும் வே" என்று புதுசாக ஒன்று எடுத்துத் தந்தார். அப்பா வாத்தியார். அண்ணாச்சியின் பையன் அப்பாவிடம் படித்தவன்.

நான் வெளியே இறங்கும்போது கீரிப்பாறைப் பக்கத்து ரப்பர் எஸ்டேட்டில் இருந்து ஒருவர் அதே மாதிரி ஒரு பெட்டியோடு வந்தார். அவருடையதும் ஓடவில்லை. அண்ணாச்சி பில்லை வாங்கி, விரலை வைத்து அந்த வரியைக் காட்டினார். அவர் ரெண்டு பஸ் மாறி வந்தவர். ஒன்றும் சொல்லாமல் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போனார்.

அன்றைக்கு எனக்கு அது உறுத்தவில்லை. நமக்கு மாறிக் கிடைத்ததே என்றுதான் இருந்தது. இப்போது யோசித்தால் எனக்குக் கிடைத்தது உரிமை இல்லை, அப்பாவின் முகத்துக்குக் கிடைத்த தயவு. அவருக்கு முகம் இல்லை, அதனால் வரி காட்டப்பட்டது. ஆப் கடை புதுசாக எதையும் கண்டுபிடிக்கவில்லை. அந்த அச்சடித்த வரியை எடுத்துக்கொண்டு, அண்ணாச்சியின் முகத்தை மட்டும் கழித்துவிட்டது. இப்போது நாம் எல்லோருமே கீரிப்பாறையில் இருந்து வந்தவர்கள்தான்.

அதனால் பழைய கடைத்தெருவை மீட்பது இதற்கு மருந்து ஆகாது. முகம் தெரிந்தாலும் தெரியாவிட்டாலும் கிடைக்க வேண்டியது எதுவோ அதைத்தான் தேட வேண்டும். அது சட்டப் புத்தகத்தில் இருக்கிறது.

இன்னொரு கடிகாரம்

2019-ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் 2020 ஜூலையில் நடைமுறைக்கு வந்தது. குறையுள்ள பொருளைத் திரும்ப எடுக்க மறுப்பதும், குறையுள்ள சேவைக்குப் பணத்தைத் திருப்பித் தர மறுப்பதும் அதன்படி நியாயமற்ற வணிக நடைமுறை. பில்லில் கெடு சொல்லியிருந்தால் அதற்குள், சொல்லாவிட்டால் 30 நாளுக்குள் தர வேண்டும். அதே மாதம் வந்த மின்வணிக விதிகள் டிஜிட்டல் பொருளுக்கும் பொருந்தும் என்று வெளிப்படையாகவே சொல்கின்றன. விளம்பரத்தில் சொன்ன தன்மை பொருளில் இல்லை என்றால் விற்பவர் பணம் தர மறுக்கக் கூடாது. இந்தியாவில் பதிவு செய்யாத நிறுவனமாக இருந்தாலும், இங்குள்ளவர்களுக்குத் தொடர்ந்து விற்றால் இந்த விதிகள் அதற்கும் உண்டு.

இதில் ஒரு இடத்தை வாசித்தபோது சிரிப்பு வந்துவிட்டது. ஒவ்வொரு மின்வணிக நிறுவனமும் ஒரு குறைதீர் அலுவலரை வைக்க வேண்டும். அவர் புகார் வந்ததை 48 மணி நேரத்துக்குள் ஒப்புக்கொள்ள வேண்டும், ஒரு மாதத்துக்குள் தீர்க்க வேண்டும். அதே 48 மணி நேரம்! கடையின் பக்கத்தில் அது வாங்கியவனுக்கு வைத்த கெடு. விதியில் அது கடைக்கு வைத்த கெடு.

வாங்கியவனுக்குச் சட்டம் வைத்திருக்கும் கெடு எவ்வளவு தெரியுமா? 2 வருடம். வழக்குக்கான காரணம் எழுந்த நாளிலிருந்து 2 வருடத்துக்குள் நுகர்வோர் ஆணையத்துக்குப் போகலாம்.

எந்த ஊருக்குப் போவது? பழைய 1986 சட்டத்தில் எதிர்த்தரப்பு இருக்கும் இடத்திலோ, வழக்குக்கான காரணம் எழுந்த இடத்திலோ போட வேண்டும். புதிய சட்டத்தின் 34-ஆம் பிரிவு, புகார் செய்பவர் குடியிருக்கும் ஊரிலேயே போடலாம் என்கிறது. கலிஃபோர்னியாவில் தலைமையகம் வைத்திருக்கும் கடையை நாகர்கோவில் மாவட்ட ஆணையத்துக்குக் கூப்பிடலாம். 5 லட்சம் ரூபாய் வரை கட்டணம் கிடையாது. வக்கீல் வைக்க வேண்டிய கட்டாயமும் இல்லை. அதற்கு முன்னால் 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் சொல்லிப் பார்க்கலாம்.

இவ்வளவையும் வாசித்த பிறகுதான் குறைதீர் அலுவலருக்கு எழுதினேன். கடைப் பக்கத்தில் அவர் பெயரைத் தேடிப் பிடிக்கவே அரை மணி நேரம் ஆனது. வாங்கிய தேதி, ஆர்டர் எண், ஆப்பின் விவரப் பக்கத்தில் "தமிழ், மலையாளம்" என்று இருக்கும் படம், கட்டம் கட்டமாக வந்த படம், எந்த விதியின்படி கேட்கிறேன் என்று ஒரு வரி. கெஞ்சவில்லை, திட்டவும் இல்லை. ரெண்டாம் நாள் ஒப்புகை வந்தது. 26-ஆம் நாள் பணம் வந்தது. எந்த ஆப்பிலும் மாட்டிக்கொண்டவர்கள் இந்தப் பாதையில் போய்ப் பாருங்கள். முதல் மறுப்பைக் கடைசிப் பதிலாக எடுத்துக்கொள்ள வேண்டாம்.

மனம் மாறியதற்கு இந்தச் சட்டத்தில் பொதுவான கெடு எதுவும் கிடையாது என்பதையும் சொல்லிவிடுகிறேன். வாங்கிவிட்டுப் பிடிக்கவில்லை என்றால் கடையின் 48 மணி நேரம்தான் உங்களுக்கு. அது தயவு என்பதால் அதன் விதியை அவர்கள் வைக்கட்டும். சண்டை குறைக்கும் விளம்பரப் பொய்க்கும் மட்டும்தான்.

பணம் வந்த பிறகும் மீதி இருப்பது

மருமவன் சொன்னான், "அதான் கிட்டிப்போச்சே மாமா, இனி என்ன?"

இனிதான் என் முக்கியமான குறை. "ஒருமுறை விதிவிலக்கு" என்ற சொல்லுக்கு ஒரு வேலை இருக்கிறது. விதிவிலக்கு என்றால் விதி சரி என்று பொருள். எனக்குப் பணம் தந்ததன் மூலம் அந்த ஆப் சொன்னது பொய் என்று கடை ஒப்புக்கொள்ளவில்லை. இன்றைக்குக் காலையில்கூடப் பார்த்தேன். "தமிழ், மலையாளம் கையெழுத்து" அப்படியே இருக்கிறது. விலையும் அதேதான். சத்தம் போட்டவனைத் தனியாக அழைத்துக் காசைக் கையில் கொடுத்து அனுப்பியாயிற்று. சரக்கு அலமாரியிலேயே இருக்கிறது. ரெண்டாயிரம் ரூபாய்தானே என்று விட்டவர்கள் எத்தனையோ பேர் இருப்பார்கள். ரீஃபண்டை விதிவிலக்காகத் தருவது கடைக்கு லாபமாவது அதனால்தான். கேட்டவனுக்கு மட்டும் கொடுத்தால் போதும்.

இதை உடைப்பது தனி ஆளால் நடக்காது. 2014 ஜனவரியில் ஆப்பிள், பிள்ளைகள் பெற்றோர் சம்மதம் இல்லாமல் ஆப்புக்குள் வாங்கியவற்றுக்காகக் குறைந்தது 3.25 கோடி டாலர் திருப்பித் தர ஃபெடரல் டிரேட் கமிஷனிடம் ஒப்புக்கொண்டது. ஒரு முறை கடவுச்சொல் போட்டால் அடுத்த 15 நிமிடம் கேள்வியில்லாமல் வாங்கலாம் என்பதைப் பெற்றோருக்குச் சொல்லவில்லை என்பது குற்றச்சாட்டு. அதே வருடம் செப்டம்பரில் கூகுள் குறைந்தது 1.9 கோடி டாலருக்கு ஒப்புக்கொண்டது. தொகையைவிட முக்கியம், இனி தெளிவான சம்மதம் வாங்கித்தான் காசு எடுக்க வேண்டும் என்று முறையையே மாற்றச் சொன்னது. கேட்டவர்களுக்கு மட்டும் கொடுத்து முடிக்கவில்லை, கேட்காதவர்களையும் சேர்த்துக்கொண்டார்கள்.

இங்கேயும் அதற்கான அமைப்பு இருக்கிறது. 2020-இல் வந்த மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம், வாங்கிய எல்லோருக்கும் சேர்த்து உத்தரவு போட முடியும். 2024 அக்டோபரில் ஓலா நிறுவனத்துக்கு ஒரு உத்தரவு போட்டார்கள். ரீஃபண்டைக் கூப்பனாகத் தருவதா வங்கிக் கணக்கில் தருவதா என்பதை வாடிக்கையாளர் தேர்ந்தெடுக்க விட வேண்டும் என்று. 2023 நவம்பரில் ஏமாற்று வடிவமைப்புகளைப் பட்டியலிட்டு 13 வகைகளைத் தடை செய்யும் வழிகாட்டுதல் வந்தது. சந்தாவில் மாட்டிவைத்து வெளியேற விடாமல் செய்வது அதில் ஒன்று. ரீஃபண்ட் பக்கத்தின் வடிவமைப்பையும் இந்தக் கண்ணோடு பார்க்க வேண்டும் என்பது என் கருத்து.

ஒரு நல்ல ரீஃபண்ட் பக்கம் எப்படி இருக்க வேண்டும்? பெரிசாக ஒன்றும் கேட்கவில்லை. மனம் மாறியதற்கு ஒரு வாசல், குறைக்கு ஒரு வாசல். குறைக்கான கடிகாரம் குறையைக் கண்ட நாளிலிருந்து ஓடட்டும். படம் இணைக்க ஒரு இடம். மறுத்தால் காரணம், அதுவும் ஆப்பை விற்ற அதே மொழியில். விளம்பரம் எனக்குத் தமிழில் வந்தது, சந்தா வாங்கும் பொத்தான் தமிழில் இருந்தது, மறுப்பு மட்டும் ஆங்கிலத்தில் வந்தது. கடைசியாக, குறை என்று ஒத்துக்கொண்டு பணம் தந்தால் அந்த ஆப்பின் விவரத்தைத் திருத்தும் வரை அடுத்தவருக்கு விற்காதிருத்தல்.

நேற்று குறைதீர் அலுவலருக்கு மறுபடியும் ஒரு கடிதம் எழுதினேன். பணத்துக்கு நன்றி, ஆனால் நான் கேட்டது விதிவிலக்கு இல்லை, பதிவில் அப்படி இருந்தால் மாற்றிக்கொள்ளுங்கள், ஆப்பின் விவரத்திலிருந்து தமிழையும் மலையாளத்தையும் எடுக்கச் சொல்லுங்கள் என்று. "உங்கள் புகார் தீர்க்கப்பட்டு மூடப்பட்டது" என்று உடனே பதில் வந்தது. இன்றைக்கு அந்த ஆப்பின் பக்கத்தைப் படம் எடுத்து, எல்லாப் பதில்களையும் சேர்த்து 1915-க்கு அனுப்பியிருக்கிறேன். எனக்கு வர வேண்டிய காசு எதுவும் இதில் இல்லை. என்ன பதில் வருகிறது என்று இங்கேயே எழுதுகிறேன்.

பாகப்பத்திரம் மூணாம் பக்கத்தில் நிற்கிறது. பூதக்கண்ணாடியை வைத்துக் கையால்தான் படித்துக்கொண்டிருக்கிறேன்.